தறி நின்றால் கையில் அதிர வேண்டும்: பேங்கிள்.ஜேஎஸ் 2 கடிகாரத்தில் சார்ஜ் தங்கவில்லை

வணக்கம்ங்க. சோமனூரில் எங்கள் விசைத்தறிப் பட்டறை. அப்பாவுக்குக் காது மந்தம். எந்தத் தறி நின்றது என்று தெரியாமல் அலைகிறார். அதனால் ஒவ்வொரு தறியிலும் ஒரு இஎஸ்பி32 போர்டு (புளூடூத் உள்ள சின்ன கன்ட்ரோலர்) வைத்தேன். ஊடை நூல் அறுந்து தறி நின்றதும் அது புளூடூத்தில் தறி எண்ணை அறிவிக்கும். அப்பா கையில் பேங்கிள்.ஜேஎஸ் 2 (நாமே நிரல் எழுதக்கூடிய ஸ்மார்ட் கடிகாரம்) அதிர்ந்து எண்ணைக் காட்டும். அது வரைக்கும் அருமையாக ஓடுகிறது.

சிக்கல் பேட்டரி. புளூடூத் அறிவிப்புகளைத் தேடும் என்ஆர்எஃப்.செட்ஸ்கேன் கட்டளை கடிகாரத்தில் இடைவிடாமல் ஓடுவதால், காலையில் முழு சார்ஜுடன் கட்டினால் இரவு ஷிப்டுக்குள் அணைந்துவிடுகிறது. ஸ்கேனுக்குச் சுமார் 12 மில்லிஆம்ப், பேட்டரி 200 மில்லிஆம்ப்-மணி. கணக்கும் அப்படித்தான் வருகிறது.

ஆடியிலிருந்து மல்லுக்கட்டுகிறேன். விட்டுவிட்டு ஸ்கேன் செய்தால் சார்ஜ் தங்குகிறது, ஆனால் செய்தி தாமதம். தறி சும்மா நிற்கும் ஒவ்வொரு நிமிடமும் கூலி போகிறதே! ஃபர்ம்வேர் புதுப்பித்தாயிற்று. ஜிபிஎஸ், இதயத்துடிப்பு சென்சார் எல்லாம் அணைத்துத்தான் இருக்கிறது. ஒரு போர்டோடு நிரந்தரமாக இணைத்தும் பார்த்தேன். அப்பா டீக்கடை போய்த் திரும்பினால் இணைப்பு தானாக வருவதில்லை.

இப்போது தோன்றுவது இதுதான்: கடிகாரம் தேடவே வேண்டாம். பட்டறை நடுவில் ஒரு இஎஸ்பி32 எல்லாத் தறிகளின் செய்தியையும் வாங்கி, தேவைப்படும்போது மட்டும் கடிகாரத்தோடு இணைந்து அனுப்பட்டும். அப்படி யாராவது செய்திருந்தால், இஎஸ்பி32 பக்கம் எந்த லைப்ரரி வைத்துச் செய்தீர்கள்?