மட்ச் நடுவில் வந்த கரைச்சல்: உங்களுக்கு நடந்தது என்ன?

பரந்தன் பக்கத்தான்

ஒரு மாதம் ஆகிவிட்டது. வீட்டில் இந்தக் கதை இன்னும் ஓய்ந்தபாடில்லை, அதனால் எழுதுகிறேன்.

போனில் பப்ஜி சண்டைக் கேம், கடைசி வட்டம். எங்கள் பக்கம் நான் மட்டும், மற்றப் பக்கம் இரண்டு பேர். கோல் வராமல் இருக்க நான் செய்வது எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஏரோபிளேன் மோடைப் போட்டு, வைஃபையை மட்டும் திரும்பப் போடுவேன். சிம் செத்துவிடும், கேம் ஓடும். வட்ஸ்அப் கோல் வைஃபையில் வரும் என்பது அந்த நிமிடம் வரை மண்டையில் ஏறவில்லை.

மார்கழி மாதம், இரவு எட்டு மணி. ரொறன்ரோவில் அப்போது காலை ஒன்பதரை. மாமி தேத்தண்ணியோடு குந்தியிருந்து ஊருக்குக் கோல் எடுக்கும் நேரம். வீடியோ கோல் பட்டை திரையின் மேலே வந்து விழுந்தது. நான் குறி பார்க்க விரலை இழுக்க, அது பச்சையில் பட்டுவிட்டது. கேம் மறைந்து மாமியின் முகம் வந்தது. என் வாய் அதற்குள் தொடங்கிய வசனத்தை முடித்துவிட்டது: "சாவடா நாயே!"

மாமி கொஞ்ச நேரம் ஒன்றும் கதைக்கவில்லை. பிறகு மெதுவாகக் கேட்டார்: "ஆரை ராசா சாகச் சொல்லுறாய்?"

அன்று மாமாவுக்கு முழங்கால் ஒப்பரேசன். அதைச் சொல்லத்தான் எடுத்திருக்கிறார்.

மட்ச் போனதை விடுங்கள். மாமி அம்மாவிடம் சொல்லி, அம்மா சின்னம்மாவிடம் சொல்லி, இப்போது நான் எங்கே போனாலும் "ஆரை ராசா" என்றுதான் வரவேற்பு. உங்களுக்கு நடந்ததையும் எழுதுங்கள்.

ஐந்து ஷிப்ட், வவுனியா

போன்காரருக்கு மாமி. எங்களுக்கு விண்டோஸ்தான் மாமி.

கவுண்டர் ஸ்ரைக் என்ற கம்ப்யூட்டர் கேமில் சத்தமில்லாமல் நடக்க ஷிப்ட் கட்டை. ஒருவன் கதவுக்குப் பின்னால் நிற்கிறான், எனக்குத் தெரியும். நடந்து நின்று, நடந்து நின்று போகிறேன். ஐந்தாவது முறை ஷிப்டைத் தட்டினதும் "டுயிங்" என்றது. ஸ்ரிக்கி கீஸ், அதாவது கட்டைகளைச் சேர்த்து அமத்தாமல் ஒவ்வொன்றாக அமத்த விடுகிற வசதி, வேணுமா என்று ஒரு பெட்டி. கையில் வருத்தம் உள்ளவர்களுக்கு அது நல்ல வசதி, நான் குறை சொல்லவில்லை. ஆனால் அந்த நேரத்தில்! பெட்டியை மூடிவிட்டுப் பார்த்தால் நான் நிலத்தில் கிடக்கிறேன்.

செற்றிங்ஸில் அக்செஸிபிலிற்றி, அதற்குள் கீபோர்ட். அங்கே அந்தக் குறுக்குவழியை நிற்பாட்டினால் சரி. விண்டோஸ் கட்டை கொன்ட்றோலுக்கும் ஓல்ற்றுக்கும் நடுவில் இருந்துகொண்டு, கை தவறிப் பட்டால் கேமை மறைத்துச் செய்த அநியாயத்துக்கு, அதைக் கத்தியால் நெம்பி எடுத்துவிட்டேன். மேசை லாச்சியில் கிடக்கிறது.

முத்தையன்கட்டுக் காவல்

சிரித்துக்கொண்டுதான் வாசித்தேன். என்னுடையது சிரிக்கிற கதை இல்லை.

போன தை. கதிர் முற்றி, அறுவடைக்கு ஒரு கிழமை. அன்று வயல் காவல் என்னுடைய முறை. தடிமன் என்று பொய் சொல்லிப் படுத்தேன், அப்பா போனார். படுத்துக்கொண்டு போனில் பிரீ பயர் கேம். கோல் மணியை அடக்குகிற டூ நொட் டிஸ்டேர்ப் போட்டிருந்தபடியால் அப்பாவின் முதல் கோல் எனக்குத் தெரியவே இல்லை. இரண்டாவது மணி அடித்தது. ஒரே ஆள் பதினைந்து நிமிடத்துக்குள் திரும்ப எடுத்தால் அன்ட்ரொயிட் அதை உள்ளே விடும், அந்தத் தெரிவு போட்டிருந்தால். நான் எப்போது போட்டேனோ தெரியாது. டோர்ச்சுக்குப் பற்றரி கேட்கப் போகிறார் என்று நினைத்து வெட்டினேன். மூன்றாவதையும் வெட்டினேன்.

பிறகு வெடிச் சத்தம். ஹெட்செட் காதில் இருந்தது, கேமுக்குள்தான் வெடிக்கிறது என்று நினைத்தேன். திரையைப் பார்த்தேன், யாரும் சுடவில்லை. ஹெட்செட்டைக் கழற்றினேன். இன்னொன்று வெடித்தது. யானை வெடி.

நான் ஓடிப் போகும்போது அயலில் நாலைந்து பேர் டோர்ச்சோடு நின்றார்கள். மூன்று யானைகள் வந்து காட்டுக்குள் திரும்பிவிட்டன. அரை ஏக்கர் மிதிபட்டுப் படுத்துக் கிடந்தது. அப்பாவுக்கு ஒன்றும் இல்லை. ஏசவும் இல்லை. என்னைப் பார்த்து, "தடிமன் சுகமோ?" என்று மட்டும் கேட்டார்.

ரெண்டு சிம்

முத்தையன்கட்டுத் தம்பி, கோபிக்க வேண்டாம். கேமிலும் பிழை இல்லை, போனிலும் பிழை இல்லை. போன் தன் கடமையைச் செய்து மணி அடித்தது, வெட்டினது நீர். இந்தக் கதையை வாசித்துவிட்டு யாராவது தகப்பன் பிள்ளையின் போனைப் பறிக்கப் போகிறார், அதுதான் சொல்கிறேன்.

பரந்தன் பக்கத்தான் சொன்ன ஏரோபிளேன் வித்தை வைஃபை உள்ள வீட்டுக்கு. துணுக்காய்ப் பக்கம் எங்களுக்கு டேற்றாதான். என்னுடைய போனில் இரண்டு சிம், ஒன்று டேற்றாவுக்கு, மற்றது கோலுக்கு. மூன்று முறை தொடர்ந்து ஒரே இடத்தில் செத்தேன், மூன்று முறையும் யாரோ மற்ற சிம்முக்கு எடுத்திருக்கிறார்கள். கதை அவ்வளவுதான். ஆனால் காரணத்தைக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு மாதம் போனது, ஆகவே வடிவாகக் கேளுங்கள்.

அநேகமான ரெண்டு சிம் போன்களில் சிக்னல் வாங்கி அனுப்புகிற பகுதி ஒன்றுதான். ஒரு சிம்மில் கோல் வந்தால் மற்ற சிம்மின் டேற்றா அந்த நேரம் நின்றுவிடும். ஒரே சிம் என்றாலும் தப்ப முடியாது. போனில் வோல்ட்டி (4ஜியிலேயே கோல் கதைக்கிற வசதி) இல்லை அல்லது போடப்படவில்லை என்றால், 4ஜியில் நிற்கிற போன் கோலை வாங்க 3ஜிக்கோ 2ஜிக்கோ இறங்கும். 2ஜிக்கு இறங்கினால் டேற்றா கிட்டத்தட்டச் செத்த மாதிரி. கோல் முடிந்து திரும்ப மேலே ஏறச் சில வினாடிகள் போகும். அதற்குள் உங்கள் கதை முடிந்திருக்கும்.

இதில் பலருக்கு விளங்காத இடம் ஒன்று உண்டு. டூ நொட் டிஸ்டேர்ப் போட்டால் சத்தமும் பட்டையும்தான் அடங்கும். கோல் போனுக்கு வரத்தான் செய்யும், போனும் கீழே இறங்கத்தான் செய்யும். "சைலண்டில்தானே போட்டிருந்தேன், ஏன் பிங் (கேமின் தாமதம்) 900க்குப் போனது?" என்று கேட்கிறவர்களுக்கு விடை இதுதான்.

நான் செய்வது: முதலில் செற்றிங்ஸில் வோல்ட்டி போட்டிருக்கிறதா என்று பார்ப்பேன். இல்லையென்றால் மட்சுக்கு முன் கோலை வீட்டில் உள்ள இன்னொரு போனுக்குத் திருப்பிவிடுவேன். இரண்டு நட்சத்திரம், 21, ஒரு நட்சத்திரம், பிறகு மற்றப் போன் இலக்கம், கடைசியில் ஹாஷ். முடிந்ததும் இரண்டு ஹாஷ், 21, ஒரு ஹாஷ். அப்படித் திருப்பினால் கோல் உங்கள் போனைத் தொடாமலே போய்விடும். திரும்பிப் போகிற கோலுக்குக் காசு உங்கள் கணக்கில் என்பதை மறக்கக் கூடாது. ஐபோன்காரருக்கு ஒரு சொட்டு: உங்களுக்கு அந்த "திரும்ப எடுத்தால்" கணக்கு பதினைந்து நிமிடம் இல்லை, மூன்று நிமிடம்.

தம்பி, அப்பாவின் கோலை அம்மாவின் போனுக்குத் திருப்பிவிட்டால் உம்முடைய பிரச்சினை தீர்ந்தது.

கதவைத் தட்டுகிறவள்

ரெண்டு சிம் தம்பி, அந்தப் பிள்ளை தன் பிழையைத் தானே சொல்லிவிட்டான். நீர் வேறு ஏன் அதற்கு மேல் ஏறி நிற்கிறீர்? பரந்தன் தம்பி, மாமாவின் முழங்கால் எப்படி என்று இங்கே ஒருவரும் கேட்கவில்லை, நான் கேட்கிறேன்.

நீங்கள் எல்லாரும் எழுதுகிற கரைச்சல் நான்தான். கிளிநொச்சியில் ஒரு மகன், உயர்தரம் எழுதிவிட்டுப் பெறுபேற்றுக்குக் காத்திருக்கிறான். மோட்டரை நிற்பாட்டு, கடைக்குப் போய்ப் பாண் வாங்கு, மாட்டை அவிழ்த்துக் கட்டு என்று நான் கூப்பிடுவது எப்போதும் அவனுடைய மட்ச் நடுவில்தானாம். "அம்மா, இதை நிற்பாட்ட ஏலாது" என்பான். பொய் என்று நினைத்தேன். எங்கள் காலத்தில் கரம் விளையாடினாலும் கூப்பிட்டால் எழும்பிப் போனோம்.

ஒரு நாள் புட்டும் மீன்குழம்பும் போட்டுக்கொண்டு போனேன். ஹெட்செட், திரும்பவே இல்லை. கோப்பையைப் பிடித்தபடி பின்னால் நின்றேன். ஏசத்தான் நின்றேன். கொஞ்ச நேரத்தில் என் கண்ணும் திரைக்குப் போய்விட்டது. யாரோ ஒரு பொடியன் அடிபட்டுக் கிடந்து கத்துகிறான், இவன் புகையைப் போட்டுவிட்டுத் தவழ்ந்து போய் அவனை எழுப்புகிறான். நான் அறியாமல் "இடது பக்கம், இடது பக்கம் ஒருத்தன்!" என்று கத்திவிட்டேன். மகன் திடுக்கிட்டுத் திரும்ப, அந்த இடது பக்கத்தான் சுட்டுவிட்டான்.

ஆக, நான் உதவி செய்யப் போய்த்தான் அவன் செத்தது. அதைத்தான் இன்னும் சொல்லிக் காட்டுகிறான்.

இப்போது எங்கள் வீட்டில் கதவில் சோக்கால் எழுதுகிறோம். பிரீ பயர் என்றால் பத்துப் பதினைந்து நிமிடம், பப்ஜி என்றால் அரை மணித்தியாலம். அதைப் பார்த்துத்தான் நான் புட்டை இறக்குகிறேன். பப்ஜி என்று எழுதியிருந்தால் மோட்டரை நானே போய் நிற்பாட்டுகிறேன், ஆனால் அடுத்த நாள் மாடு அவனுடையது.

மாங்குளம் லப்டொப்

அம்மா, அந்த "இடது பக்கம்" எனக்கு வேண்டும், எங்கள் குழுவில் ஓர் இடம் இருக்கிறது.

ஐந்து ஷிப்ட், கத்தி எதற்கு? மைக்ரோசொப்ட் இலவசமாகத் தருகிற பவர்டொய்ஸ் போட்டால் அந்தக் கட்டையை மட்டும் செத்த கட்டையாக்கலாம். சில கீபோர்டுகளில் அதைப் பூட்டவே தனிக் கட்டை உண்டு. அப்டேற் வந்து ரீஸ்ராட் ஆகிறது என்றால் அக்டிவ் அவர்ஸை 18 மணித்தியாலம் வரைக்கும் நீட்டி வைக்கலாம், அதற்குள் தானாக ரீஸ்ராட் ஆகாது.

என்னுடைய கதை 2025 பெப்ரவரி 9, ஞாயிற்றுக்கிழமை. திகதியைச் சொன்னதும் பலருக்கு விளங்கியிருக்கும். டோட்டா என்ற குழுக் கேம், நாற்பதாவது நிமிடம், எதிர்க் குழுவின் கோட்டைக்குள் நிற்கிறோம். கரண்ட் போனது. என் லப்டொப்பில் பற்றரி செத்து இரண்டு வருடம், வயரில் மட்டும்தான் சீவிக்கிறது. டோட்டாவில் ஐந்து நிமிடத்துக்கு மேல் ஆள் இல்லையென்றால் விட்டு ஓடினவன் கணக்கு. குழுவில் மற்ற இரண்டு பேர் லண்டன், ஒருவன் கனடா. நான் போனில் எழுதினேன்: "குரங்கு வயரில் பாய்ஞ்சிட்டுது போல." எங்கள் வளவில் அது கிழமைக்கு ஒருக்கா நடப்பதுதான். வெளியே போய் முற்றத்துப் பாலை மரத்துக் குரங்குகளுக்குக் கல்லும் எறிந்தேன்.

பார்த்தால் முழு இலங்கையும் இருட்டு. பின்னேரம் செய்தியில் மின்சக்தி அமைச்சர் சொல்கிறார், பாணந்துறை உப மின்நிலையத்தில் குரங்கு ஒன்று பட்டதாம். நான் சும்மா வாயில் வந்ததைச் சொன்னேன், குரங்கு உண்மையாகிவிட்டது. லண்டன்காரர் இன்று வரைக்கும் நான் பொய்க்குச் சாட்சி தேடினதாகத்தான் நம்புகிறார்கள்.

அடுத்த கிழமையே றூட்டருக்கு ஒரு சின்ன 12 வோல்ட் யூபிஎஸ் வாங்கினேன். வாங்க நினைப்பவர்கள் றூட்டரின் அடியில் எழுதியிருக்கிற வோல்ட்டையும் அம்பியரையும் பார்த்துவிட்டு வாங்குங்கள், 9 வோல்ட்காரரும் இருக்கிறார்கள். இப்போது கரண்ட் போனால் றூட்டர் பச்சை லைற்றோடு வடிவாக இருக்கும். லப்டொப்தான் செத்துப்போகும். பற்றரிக்குக் காசு சேர்க்கிறேன்.

ஐந்து ஷிப்ட், வவுனியா

பவர்டொய்ஸ் போட்டேன், நன்றி. ஆனால் லாச்சியில் கட்டை இல்லை. தங்கச்சி எடுத்து விளையாட்டு வீட்டுக்குக் கதவாக வைத்திருக்கிறாள்.

பரந்தன் பக்கத்தான்

அக்கா, மாமா இப்போது தடி இல்லாமல் நடக்கிறார். மாமி மாறவில்லை. நேற்று எடுத்தவுடன் "நாயைச் சுட்டு முடிச்சிட்டியோ?" என்றார்.

முத்தையன்கட்டுக் காவல்

ரெண்டு சிம் அண்ணை, கோபம் இல்லை. வெட்டினது நான்தான், அதைத்தான் நானும் எழுதினேன். நீங்கள் சொன்னபடி அம்மாவின் போனுக்குத் திருப்பிப் பார்த்தேன். வேலை செய்கிறது. ஆனால் அம்மா எட்டரைக்கே நித்திரை, அவவை எழுப்ப யானையே வர வேண்டும். ஆகவே திருப்பியதை எடுத்துவிட்டு, அப்பாவின் இலக்கத்துக்கு நட்சத்திரம் போட்டு, நட்சத்திரக்காரர் எடுத்தால் மட்டும் மணி அடிக்க விட்டிருக்கிறேன். மட்ச் போனால் போகட்டும்.

இன்றைக்கு என் முறை. குடிலுக்குள் இரண்டு கோடு சிக்னல் வரும், ஒரு மட்ச் தாராளமாக ஓடும். ஆனால் திரை வெளிச்சத்தைப் பார்த்துவிட்டு இருட்டைப் பார்த்தால் கொஞ்ச நேரத்துக்கு ஒன்றும் தெரியாது, பக்கத்தில் நின்றாலும் தெரியாது. அப்பா அதைச் சொல்லிவிட்டுத் தன்னுடைய பட்டன் போனைத் தந்திருக்கிறார். என்னுடையது அவரிடம். வெடி ஆறு இருக்கிறது. வெளிக்கிடுகிறேன்.