கிரெயின் இருந்தா ஒளிஞ்சு எடுத்த படமா?

லென்ஸ்மூடி: புகைப்படக்காரர் ஹெல்கா பாரிஸ் 1983–85ல ஹாலே நகரத்துல எடுத்த படங்களைப் பாருங்க. கிழக்கு ஜெர்மனியில கேமராவைக் கோட்டுக்குள்ள மறைச்சுத்தான் இப்படி எடுக்க முடியும். படத்துல புள்ளிப்புள்ளியா தெரியற கிரெயினே சாட்சி.

இருட்டறை: நல்லா இருக்கு உங்க கோர்ட்டு. அதுல இருக்கற ஆளுங்க நேரா லென்ஸைப் பார்த்து நிக்கறாங்களே, கோட்டுக்குள்ள இருக்கறதையா பார்க்கறாங்க? கிரெயின் ஃபிலிம்ல வருது சார், பயத்துல வராது. கிழக்கு ஜெர்மன் ஃபிலிம் ஓர்வோ என்பி20ன்னா ஒளி உணர்திறன் 80 ஏஎஸ்ஏ. மேகமூட்டத்துல லென்ஸ் திறப்பு எஃப்8, ஷட்டர் 1/60 நொடி தாராளம். அதே ஃபிலிமை மதுக்கடைக்குள்ள கொண்டுபோனா திறப்பை எஃப்2 வரைக்கும் அகலமாக்கினாலும் 1/6 நொடி வேணும், கை ஆடிடும். வேகமான என்பி27, 400 ஏஎஸ்ஏ போட்டா 1/30 போதும். பெரிய கிரெயின் அதுக்குக் குடுக்கற விலை.

லென்ஸ்மூடி: கணக்கு வாத்தியார் வந்துட்டார். ஒளிக்கலைன்னா 1986 கண்காட்சியை ஏன் நிறுத்தினாங்க?

இருட்டறை: எடுத்த விதத்துக்கா நிறுத்தினாங்க? இடிஞ்சு கிடந்த பழைய வீடுங்க பளிச்சுன்னு தெரிஞ்சதுக்கு! கேட்டலாக் அச்சாகி வந்த பிறகு தடுத்தாங்க, 1990லதான் சுவர்ல ஏறுச்சு. அவர் 1972லயே ஓவியர்–சிற்பிகள் சங்கத்துல உறுப்பினர். அந்த அட்டை இல்லாம அப்ப அங்க ஃப்ரீலான்ஸா பிழைக்கறது கஷ்டம்.

சிவப்புவிளக்கு: ரெண்டு பேரும் ஃபிலிமைக் கழுவற மருந்தை, அதான் டெவலப்பரை விட்டுட்டீங்க. ஆர்09ல கழுவினா கிரெயின் துருத்திக்கிட்டு நிக்கும், ஏ49ல அடங்கும். 20 டிகிரியில டெவலப் பண்ணிட்டு 10 டிகிரி குழாத்தண்ணியில அலசினா ஜெலட்டின் சுருங்கி...

இருட்டறை: அது ரெட்டிகுலேஷன், கிரெயின் இல்ல. ஜெலட்டின் வெடிப்பையும் வெள்ளித் துகளையும் போட்டுக் குழப்பாதீங்க. போன மாசம் எக்ஸாக்டா கேமராவுல ஷட்டர் பட்டன் வலதுகைப் பக்கம்னு சாதிச்சது நீங்கதானே?

சிவப்புவிளக்கு: அது டைப்பிங் மிஸ்டேக்.

இருட்டறை: மூணு தடவையா?

பன்னிரண்டுபடம்: சண்டைக்கு நடுவுல ஒண்ணு. பென்டகான் சிக்ஸ் கேமராவுல ஃப்ரேம் ஒண்ணு மேல ஒண்ணு ஏறுது. ஃபிலிமை நகர்த்தற லீவரை முழுசா இழுத்துட்டுப் படார்னு விடாதீங்க, கட்டைவிரலோட மெதுவாத் திரும்பட்டும். ஃபிலிமைத் தொய்வில்லாம மாட்டணும். தொய்வு இருந்தா ஃபிலிம் எவ்வளவு நகருதுன்னு அளக்கற உருளை வழுக்கி இடைவெளி தப்பிடும், 12 படம் தேறாது.

லென்ஸ்மூடி: யாரு கேட்டா இப்ப? இன்னொரு கிழக்கு ஜெர்மன் புகைப்படக்காரர் ஹரால்ட் ஹவுஸ்வால்ட் பின்னால ரகசியப் போலீஸ் ஸ்டாசி சுத்தலையா? அதுக்குப் பதில் சொல்லுங்க.

இருட்டறை: சுத்துச்சு. அதனால? உளவாளி பின்னால வந்தா, முன்னால போறவர் ஒளிஞ்சார்னு அர்த்தமா? அவர் தந்தி கொண்டுபோய்க் குடுக்கற வேலை பார்த்தவர், கிழக்கு பெர்லின் தெருவெல்லாம் காலால அளந்தவர். 1987ல மேற்கு ஜெர்மனியில அவர் படங்கள் புத்தகமா வந்துச்சு, சொந்தப் பேரோட. ஒளியறவன் அட்டையில பேரைப் போடுவானா?

லென்ஸ்மூடி: புத்தகம் கிழக்குல வரலையே! நான் சொன்னது அதைத்தான்.

இருட்டறை: நீங்க சொன்னது கோட்டு. மேல ஏறிப் போய்ப் படிங்க. கோ-ட்-டு.

சிவப்புவிளக்கு: ஆர்09 பத்தி இன்னும் யாரும் மறுக்கலை, கவனிங்க.

லென்ஸ்மூடி: சுத்தி வளைக்காதீங்க. கிரெயின் இருக்கா, இல்லையா?

இருட்டறை: இருக்கு. என்பி27ல எடுத்தா உங்க வீட்டுப் பூனைக்கும் இருக்கும்.

பன்னிரண்டுபடம்: லீவரை மெதுவா விட்டும் நாலாவது ஃப்ரேம் ஏறுதுன்னு ஒருத்தர் தனிச்செய்தி அனுப்பிருக்கார். மாட்டும்போது ஸ்பூலை இழுத்துப் பிடிச்சீங்களா, அதைச் சொல்லுங்க முதல்ல.