'டூ மெனி குக்ஸ்' பாணி டைட்டில்: எங்கே சொதப்புது?

கேள்வி: 'டூ மெனி குக்ஸ்', டிவி தொடர்களோட டைட்டில் காட்சியை (நடிகர் பெயர்கள் வரும் தொடக்கப் பாட்டு) கிண்டல் பண்ணி கேஸ்பர் கெல்லி எடுத்த 11 நிமிடப் படம், 2014 அக்டோபரில் அடல்ட் ஸ்விம்ங்கிற அமெரிக்க டிவி சேனல் விடியக்காலை 4 மணிக்குப் போட்டது. அதே மாதிரி 80கள் அமெரிக்கக் குடும்பத் தொடரின் டைட்டிலை மட்டும் 3 நிமிடம் இழுத்தால், ரெண்டாவது நிமிடமே சப்புனு ஆயிடுது. ஏன்?

பதில் 1: ஆளை மட்டும் கூட்டுறீங்க, விதியை உடைக்கலை. அந்தப் படத்துல அப்பா, அம்மா, பிள்ளைகள்னு ஆரம்பிச்சு போலீஸ் தொடர், கார்ட்டூன், விண்வெளின்னு வகையே தாவும். முதல் 40 விநாடி சுத்தமா நேர்மையா இருக்கணும். இது கிண்டல்னு நடிகர் காட்டிட்டா போச்சு. ஒவ்வொருத்தரும் வேலையில இருந்து நிமிர்ந்து, கேமராவைப் பார்த்து, சிரிப்பு, திரையில பெயர். ஒரு ஷாட் 3 விநாடிக்கு மேல வேண்டாம்.

பதில் 2: அந்தப் படத்துல வர்ற கொலைகாரனை மறந்துட்டீங்களே! வெட்டு விழுறதுக்கு ரொம்ப முன்னாடியே அந்த ஆள் பின்னணியில நிக்கிறார். ஃபோகஸ் அவர்மேல போகாது, அதான் பயம். இன்னொண்ணு: ஒளிஞ்சிருக்கிற பொண்ணை அவளோட மஞ்சள் டைட்டில் எழுத்தே வெளிச்சம் போட்டுக் காட்டிக்கொடுக்கும். அலங்காரமா இருந்த எழுத்து அங்கே பொருளா மாறிடுது. எனக்கு அதுதான் படத்தோட உச்சம்.

பதில் 3: படம் பழைய டிவி மாதிரி 4:3 அளவுல, ஓரம் கொஞ்சம் மங்கலா இருக்கணும். பாட்டு முடியிற மாதிரி வந்து மறுபடி பல்லவிக்கே திரும்பணும். இசையை முதல்ல முடிச்சிட்டு, அதுக்கு ஷாட்டை வெட்டுங்க. தலைகீழா செஞ்சா தாளம் இடறும்.