டிஎல்எல் இல்லை என்றது, போட்டேன், இப்போது வேறு எரர். அவசரம்!!

நீலத்திரை:
வணக்கம். புரோகிராமைத் திறந்தால் டிஎல்எல் என்ற துணைக் கோப்பு ஒன்று இல்லை என்று வந்தது. நெட்டில் தேடி டவுன்லோட் செய்து போட்டேன். உடனே இன்னொன்று இல்லை என்றது. அதையும் போட்டேன். இப்போது 7பி என்று முடிகிற ஒரு எரர் வருகிறது, ஓகே பட்டனைத் தவிர வேறு ஒன்றும் இல்லை. ரீஸ்டார்ட் பண்ணியாச்சு. நாளைக்குள் வேலையை முடிக்கணும், யாராவது சொல்லுங்க ப்ளீஸ்.

பைனரிபூனை:
எந்த புரோகிராம்? எந்தெந்த டிஎல்எல்? எந்த ஃபோல்டரில் போட்டீங்க? விண்டோஸ் 10-ஆ, 11-ஆ? இது தெரியாமல் ஜோசியம்தான் சொல்ல முடியும்.

மீள்துவக்கம்:
பாஸ், கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினாகத் திறந்து, விண்டோஸ் கோப்புகளைச் சரிபார்க்கும் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் ஓட்டுங்க. அதில் சரியாகலைன்னா விண்டோஸையே பழுதுபார்க்கும் டிஸ்ம் ரெஸ்டோர்ஹெல்த் ஓட்டிட்டு மறுபடி எஸ்எஃப்சி. எந்த டிஎல்எல் பிரச்சினைக்கும் இதுதான் மருந்து.

கட்டளைவரி:
வெறுமனே காப்பி பண்ணினால் போதாதுங்க, ரெக்எஸ்விஆர்32 என்ற கமாண்டைக் கொடுத்து விண்டோஸில் ரிஜிஸ்டர் செய்யணும். அதை விட்டிருப்பீங்க.

பழையகோப்பு:
கேட்கத் தெரியாமல் ஒருவர் கேட்க, படிக்காமலே இருவர் பதில் சொல்லியாயிற்று. எஸ்எஃப்சி சரிபார்ப்பது விண்டோஸ் தன்னுடையது என்று காத்துவைத்திருக்கும் கோப்புகளை மட்டும். விஷுவல் சி++-இல் எழுதிய புரோகிராம்கள் ஓடத் தேவையான டிஎல்எல் தொகுப்பு, அதாவது தனியாக நிறுவுகிற விஷுவல் சி++ ரன்டைம், அந்தக் கணக்கில் வராது. எஸ்எஃப்சி "எல்லாம் நலம்" என்று சொல்லிவிட்டுப் போய்விடும். ரெக்எஸ்விஆர்32, ரிஜிஸ்ட்ரியில் பதிந்து பிற நிரல்கள் அழைக்கும் காம் வகை டிஎல்எல்களுக்கு. உள்ளே டிஎல்எல்ரிஜிஸ்டர்சர்வர் என்ற ஃபங்ஷன் இல்லாத கோப்பைக் கொடுத்தால் "என்ட்ரி பாயின்ட் கிடைக்கவில்லை" என்று திட்டும். அதைப் பார்த்துக் கோப்பே கெட்டுவிட்டது என்று இன்னொரு கேள்வி வரும்.

மீள்துவக்கம்:
ஓட்டினால் நஷ்டம் ஒன்றும் இல்லையே சார்.

நீலத்திரை:
சாரி, போனில் டைப் பண்றேன். விண்டோஸ் 11. முதலில் கேட்டது விசிரன்டைம்140_1, அடுத்தது எம்எஸ்விசிபி140_அடாமிக்_வெயிட். இரண்டையும் சிஸ்டம்32-இல் போட்டேன். சிஸ்வாவ்64-லும் போடச் சொல்லியிருந்தது, அங்கேயும் போட்டேன். இரண்டாவது கோப்புக்கு 32 பிட், 64 பிட் என்று இரண்டு பட்டன் இருந்தது. ஃபோல்டர் பெயரே சிஸ்டம்32 என்பதால் 32-ஐ எடுத்தேன்.

பைனரிபூனை:
அங்கேதான் மாட்டினீங்க. பெயர் தலைகீழ்: சிஸ்டம்32-இல் இருக்க வேண்டியது 64 பிட் கோப்புகள், சிஸ்வாவ்64-இல் 32 பிட் கோப்புகள்.

இரண்டுமே விஷுவல் சி++ ரன்டைம் கோப்புகள். அதில் விசிரன்டைம்140_1 என்ற கோப்பு 32 பிட்டில் கிடையவே கிடையாது. அதைக் கேட்கிறது என்றாலே உங்க புரோகிராம் 64 பிட். அது அடாமிக் வெயிட்டைத் தேடி சிஸ்டம்32-க்குப் போகிறது, 32 பிட் கோப்பு கையில் சிக்குகிறது, "இது என் ஜாதியே இல்லை" என்று நின்றுவிடுகிறது. 0எக்ஸ்சி000007பி என்ற எண்ணுக்குக் கோப்பின் வடிவம் தவறு என்றுதான் அர்த்தம்.

நிச்சயப்படுத்திக்கணும்னா டிஎல்எல்-ஐ நோட்பேடில் திறங்க. குப்பையாகத்தான் தெரியும். டாஸ் மோடில் ஓடாது என்ற ஆங்கில வரியைத் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் பி, இ என்று இரண்டு பெரிய எழுத்து இருக்கும். அதற்கு அடுத்து பெரிய எல் வந்தால் 32 பிட், சின்ன டி வந்தால் 64. சேவ் மட்டும் கொடுத்துடாதீங்க.

இனி செய்ய வேண்டியது: நீங்க போட்ட இரண்டு கோப்பையும் இரண்டு ஃபோல்டரிலிருந்தும் அழிங்க. விண்டோஸ் எக்ஸ்புளோரரிலேயே செய்யுங்க. 32 பிட் ஃபைல் மேனேஜர் என்றால் சிஸ்டம்32 என்று காட்டிக்கொண்டே சிஸ்வாவ்64-க்குள் கூட்டிப் போய்விடும். பிறகு மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்தே அந்த ரன்டைமை நிறுவும் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் எக்ஸ்64 (64 பிட்), எக்ஸ்86 (32 பிட்) இரண்டையும் எடுத்து நிறுவுங்க. ஏற்கெனவே இருக்கிறது என்று சொன்னால் ரிப்பேர் கொடுங்க. 2015-இலிருந்து வந்த பதிப்புகளுக்கெல்லாம் இந்த ஒரே பொதிதான்.

அழிப்பதைத் தவிர்த்துவிட்டு நேராக நிறுவாதீங்க. இன்ஸ்டாலர் பார்ப்பது பதிப்பு எண்ணை. நீங்க போட்டதும் அதே எண் அல்லது மேலே என்றால் "இருக்கிறதே" என்று தொடாமல் விட்டுவிடும், பிட் தப்பாக இருந்தாலும் சரி.

கட்டளைவரி:
64 பிட்டை சிஸ்டம்32-இல் வைக்க எவருக்குத் தோன்றியதோ!

பழையகோப்பு:
காரணம் இருக்கிறது. சிஸ்டம்32 என்ற பாதையை அப்படியே எழுதிவைத்த நிரல்கள் ஏராளம். அவற்றை 64 பிட்டுக்கு மறுபடி கம்பைல் செய்யும்போது பாதை உடையக் கூடாது என்று பெயரை விட்டுவைத்தார்கள். வாவ்64 என்றால் 64 பிட் விண்டோஸ் மேல் 32 பிட் விண்டோஸ். அப்படிப் பார்த்தால் பெயர் சரி.

பொதிகட்டி:
தேவையான டிஎல்எல்களை புரோகிராம் ஃபோல்டரிலேயே வைத்துக் கொடுத்திருந்தால் இந்தப் பஞ்சாயத்தே வந்திருக்காது. டிஎல்எல்களை ஏற்றும் லோடர் பெரும்பாலும் முதலில் தேடுவது எக்ஸி (புரோகிராமின் முதன்மைக் கோப்பு) இருக்கும் ஃபோல்டரைத்தான்.

பழையகோப்பு:
வைத்தால் அது வேறு வம்பு. 2024-இல் விஷுவல் ஸ்டுடியோ 2022-இன் 17.10 பதிப்பில் மியூடெக்ஸ் (ஒரு நேரத்தில் ஒன்றையே உள்ளே விடும் நிரல் பூட்டு) உருவாகும் விதத்தை மாற்றினார்கள். புதிய கம்பைலரில் கட்டிய எக்ஸியின் பக்கத்தில் இதே ரன்டைமின் பழைய எம்எஸ்விசிபி140 கோப்பு கிடந்தால் முதல் லாக்கிலேயே விழும். சிஸ்டம்32-இல் புதியது இருந்தும் பயனில்லை, பக்கத்தில் இருப்பதுதான் முதலில் ஏறும். அந்தப் பிரதியை ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் தொடவே தொடாது.

பொதிகட்டி:
பழசை வைத்தவர் தப்பு அது. எக்ஸியும் டிஎல்எல்லும் ஒரே கம்பைலரிலிருந்து வந்தால் விழாது. பொதுவில் வைத்தால் ஒருவர் கை வைத்து எல்லோருக்கும் உடைகிறது, மேலே பார்த்தோமே.

பழையகோப்பு:
பாதுகாப்புத் திருத்தம் வந்தால் ஒவ்வொரு ஃபோல்டராக நீங்கள் போய் மாற்றுவீர்களா?

பனிப்பறவை:
லினக்ஸுக்கு வாங்க. அங்கே டிஎல்எல்லின் இடத்தில் இருக்கும் எஸ்ஓ கோப்பின் பெயரிலேயே பதிப்பு எண் இருக்கு, எல்டிடி என்ற கமாண்டைக் கொடுத்தால் எது இல்லை என்று ஒரு நொடியில் சொல்லிடும்.

பொதிகட்டி:
லினக்ஸின் அடிப்படை லைப்ரரியான ஜிலிபிசி 2.34 கிடைக்கவில்லை என்று பழைய லினக்ஸ் டிஸ்ட்ரோவில் வரும்போது அந்த ஒரு நொடிக்கு அப்புறம் என்ன செய்வீங்க?

நீலத்திரை:
சிஸ்டம்32-இல் விசிரன்டைம் அழிய மாட்டேன் என்கிறது, வேறு புரோகிராமில் திறந்திருக்காம்.

பைனரிபூனை:
முதல் கோப்பு 64 பிட்தானே, ஏதோ ஒன்று அதை ஏற்றி வைத்திருக்கு. பெயர் மாற்றுவதை விண்டோஸ் பெரும்பாலும் தடுக்காது. கடைசியில் பழைய என்று சேர்த்துவிட்டு நிறுவுங்க. ரீஸ்டார்ட் ஆனதும் பழையதை அழிச்சிடலாம். டவுன்லோட் செய்த கோப்புகளையும் ஒரு தடவை ஆன்டிவைரஸில் ஓட்டுங்க. டிஎல்எல்-ஐத் தனித்தனியாகக் கொடுக்கும் தளங்களில் உள்ளே என்ன கலந்திருக்கும் என்று சொல்ல முடியாது. வலது கிளிக், பிராப்பர்ட்டீஸ், டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்; மைக்ரோசாஃப்ட் பெயர் இல்லைன்னா சந்தேகமே வேண்டாம், தூக்குங்க.

மீள்துவக்கம்:
அப்படியே எஸ்எஃப்சியும் ஒருமுறை…

நீலத்திரை:
திறந்துடுச்சு! எக்ஸ்64 மட்டும் போட்டேன், போதும். நன்றி.

பைனரிபூனை:
எக்ஸ்86-உம் போடுங்க. சிஸ்வாவ்64-இல் ஏற்கெனவே இருந்த அடாமிக் வெயிட்டின் மேல் உங்களுடையதைப் போட்டு அழித்திருந்தால், அது திரும்ப வருவது அதில்தான். இல்லைன்னா அடுத்து ஏதாவது ஒரு 32 பிட் புரோகிராம் "காணோம்" என்று நிற்கும். அப்புறம், எந்த புரோகிராம் என்று இன்னும் சொல்லலையே?