குழந்தைக்கு வைக்கும் பெயரின் பொருளை எப்படிச் சரிபார்ப்பது?

கேள்வி: பொதிகைத்தென்றல்

வணக்கம். அடுத்த மாதம் எங்களுக்குக் குழந்தை பிறக்க இருக்கிறது. ஆண் என்றால் ஆரவ், பெண் என்றால் ஆதிரை அல்லது சங்கவை என்று வீட்டில் பேசி வைத்திருக்கிறோம். பெயர்ப் பட்டியல் தரும் இணையதளங்களில் ஆரவ் என்றால் ‘அமைதியானவன்’ என்றும், மற்ற இரண்டும் ‘சங்க காலத் தூய தமிழ்ப் பெயர்கள்’ என்றும் போட்டிருக்கிறார்கள். எந்த நூலிலிருந்து எடுத்தார்கள் என்ற விவரம் ஓரிடத்திலும் இல்லை. பொருள் தெரியாமல் பெயர் வைக்கக் கூடாது என்பதில் என் மாமியார் உறுதியாக இருக்கிறார். எதைப் பார்த்து உறுதி செய்து கொள்வது?

பதில்: ஏட்டுச்சுவடி

வடமொழியில் ‘ஆரவ’ என்பதற்கு ஒலி, கூச்சல், முழக்கம் என்றுதான் மோனியர் வில்லியம்ஸின் வடமொழி-ஆங்கில அகராதி பொருள் தருகிறது. நாம் அன்றாடம் சொல்லும் ஆரவாரத்துக்கு அது உறவுச் சொல். அமைதிக்கு நேர் எதிரானது. இத்தனை தளங்கள் ஒரே பொருளைச் சொல்கின்றனவே என்று மயங்க வேண்டாம். ஒன்றில் இருப்பதை மற்றொன்று அப்படியே எடுத்துப் போடுவதால், எல்லாம் சேர்ந்தாலும் ஒரே சாட்சிதான், அதுவும் யாரென்று தெரியாத சாட்சி.

தமிழ்ச் சொற்களுக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியைப் பாருங்கள். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த அதனைச் சிகாகோ பல்கலைக்கழகத்தின் தளத்தில் கட்டணமின்றித் தேடலாம். பொருளோடு, அந்தப் பொருளில் சொல் ஆளப்பட்ட நூலையும், வேற்றுமொழியிலிருந்து வந்ததானால் அதன் மூலத்தையும் அதில் குறித்திருப்பார்கள். பெயர்த் தளங்களில் இல்லாதது இந்தக் குறிப்புதான்.

பதில்: மருதநிலத்தாள்

ஆதிரை நல்ல பெயர். ஆனால் ‘தூய தமிழ்’ என்ற அடைமொழி பொருந்தாது. திருவாதிரை விண்மீனைக் குறிக்கும் இச்சொல் ‘ஆர்த்ரா’ என்ற வடசொல்லிலிருந்து வந்ததாகவே பேரகராதி காட்டுகிறது. அதனால் பெயரின் பெருமை குறைந்துவிடாது. மணிமேகலைக் காப்பியத்தில் அமுதசுரபியில் முதல் பிச்சை இட்டவள் ஆதிரைதான். கணவன் சாதுவன் கடலில் இறந்தான் என்று கேட்டுத் தீயில் புகுந்தும் அத்தீ அவளைச் சுடவில்லை என்று அந்தக் காதை சொல்கிறது. மகள் வளர்ந்து கேட்டால் சொல்வதற்கு இத்தனை இருக்கிறது.

சங்கவையில்தான் கவனம் வேண்டும். பாரி மகளிர் பாடிய ‘அற்றைத் திங்கள்’ என்ற பாடல் புறநானூற்றில் 112 ஆவது பாட்டாக இருக்கிறது. ஆனால் அங்கே அவர்கள் பாரி மகளிர் என்று மட்டுமே அறியப்படுகிறார்கள். அங்கவை, சங்கவை என்று அவர்களுக்குச் சொல்லும் பெயர்கள் பிற்கால வழக்கில் வருபவை. பெயர் பிடித்திருந்தால் தாராளமாக வையுங்கள். சங்க நூலில் உள்ள பெயர் என்று மட்டும் சொல்ல வேண்டாம். எந்தத் தளமாவது ‘இலக்கியப் பெயர்’ என்றால், எந்த நூல், எத்தனையாவது பாடல் என்று தேடிப் பாருங்கள். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் நூலகத்தில் மூலநூல்கள் உரையோடு கிடைக்கின்றன.

பதில்: கரிசல்காட்டான்

மேலே இருவரும் சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். தமிழ்நாட்டில் பெயரில்லாமலும் பிறப்பைப் பதியலாம். பதிந்த நாளிலிருந்து 12 மாதம் வரை கட்டணமின்றியும், அதன் பிறகு 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடும் பெயரைச் சேர்க்கலாம். ஆகவே மருத்துவமனையில் படிவத்தை நீட்டியதும் அரைகுறையாகத் தெரிந்த பெயரை எழுதிக் கொடுக்க வேண்டிய அவசரம் எதுவும் இல்லை. எழுதிய பெயரை மாற்றுவதுதான் பெரும்பாடு. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம் போன்றவற்றில் பிறப்புச் சான்றிதழே பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் ஆதாரம் என்பதால், அதில் ஏறும் எழுத்துத்தான் கடைசி வரை பிள்ளையோடு போகும். ஆதிரை என்றே முடிவானால், ஆங்கிலத்தில் தொடக்கத்தில் ஓர் ‘ஏ’ போதுமா, இரண்டு வேண்டுமா, ‘தி’க்கு ‘டி’யா ‘டிஹெச்’சா என்பதை வீட்டிலேயே தாளில் எழுதிப் பார்த்து முடிவு செய்துகொண்டு பதிவாளரிடம் கொடுங்கள்.