ஆம்னிக்கு 13 இஞ்ச் அலாய்: ஓட்டை பொருந்துகிறது, போடலாமா?

எலுமிச்சை வண்டி (புளியரை)

நம்ம வண்டி 2011 மாடல் மாருதி ஆம்னி வேன். புளியங்குடியில் எலுமிச்சை மூட்டை ஏற்றி, எஸ் வளைவு ஏறி, ஆரியங்காவு, தென்மலை வழியாகப் புனலூர் போகிற வண்டி. பின் இடது டிஸ்க்கில் (டயர் உட்காருகிற இரும்புச் சக்கரம்) நாலு போல்ட் ஓட்டையில் இரண்டு முட்டை வடிவமாகிவிட்டது. முன் டிஸ்க் இரண்டுக்கும் விளிம்பு நெளிந்து, பஞ்சர் கடைக்காரர் தட்டித் தட்டியே அலுத்துப்போனார். ஆம்னி தயாரிப்பை 2019-லேயே நிறுத்திவிட்டார்கள். கேட்ட கடைகளில் புது டிஸ்க் இல்லை.

தென்காசியில் ஒரு காயலான் கடையில் 13 இஞ்ச் அலாய் (அலுமினியக் கலவையில் வார்த்த டிஸ்க்) நாலு, டயரோடு கிடக்கிறது. டயர் 155/80 ஆர்13. ஒவ்வொன்றிலும் எட்டு ஓட்டை. ஒன்றை நம்ம ஹப்பில் (வண்டியில் டிஸ்க் மாட்டுகிற இடம்) வைத்துப் பார்த்தேன், நாலு போல்ட்டும் சிக்காமல் உள்ளே போகிறது. கடைக்காரர் "கண்ணை மூடிக்கொண்டு போடு" என்கிறார். போட்டவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள்.

பாவூர் லோடு

போடு தம்பி. பாவூர்சத்திரம் மார்க்கெட்டுக்கு வருகிற வேன்களைப் போய்ப் பார், பாதிக்கு மேல் வேறு வண்டி டிஸ்க்கில்தான் ஓடுகிறது. ஓட்டை பொருந்தினால் சக்கரம் பொருந்தின மாதிரிதான். 13 இஞ்ச் போட்டால் வண்டி கொஞ்சம் உயரும், தென்மலைப் பக்கம் குழிக்கு நல்லது. கிடைக்கிற சாமானை விட்டுவிட்டு அளவு பார்த்துக்கொண்டிருந்தால் எலுமிச்சை அழுகிவிடும்.

புனலூர் டயர்க்கடை

கடைக்காரர் கண்ணை மூடச் சொன்னால் நாம் இரண்டையும் திறந்து வைத்துக்கொள்ள வேண்டும். எட்டு ஓட்டை இருக்கிறதே, அது இரண்டு வகை வண்டிக்குச் சேர்த்து அடித்த டிஸ்க். நாலு ஓட்டை 100 மி.மீ. விட்டமுள்ள வட்டத்தில், மீதி நாலு 114.3-ல். ஸ்விப்ட், சான்ட்ரோ எல்லாம் 100. ஆம்னியும் பழைய மாருதி 800-ம் 114.3, அதாவது நாலரை இஞ்ச். எந்த வண்டிக்கும் விற்கலாம் என்பதற்காக அடித்தது அது. உன் வேனில் எலுமிச்சை ஏறும் என்று அதை வார்த்தவனுக்குத் தெரியாது.

ஓட்டை பொருந்துவது முதல் படி, அவ்வளவுதான். இன்னும் ஐந்து விஷயம் பார்க்காமல் பணம் கொடுக்காதே: டிஸ்க் எவ்வளவு அகலம், ஆப்செட் (ஹப்பில் ஒட்டுகிற முகம் டிஸ்க்கின் நடுக்கோட்டிலிருந்து தள்ளி நிற்கிற தூரம்) எவ்வளவு, நடு ஓட்டை ஹப்பில் உட்காருகிறதா, நட்டு முழுசாக உட்காருகிறதா, எத்தனை கிலோ தாங்கும். கடைசியாகச் சொன்னதுதான் முதலில் பார்க்க வேண்டியது. டிஸ்க்கின் பின்பக்கம் ஏதாவது குத்தியிருக்கிறதா என்று பார்த்துச் சொல்.

பாவூர் லோடு

டயர் விற்கிறவர் புது டயர் விற்கத்தான் பேசுவார். நடு ஓட்டை என்றெல்லாம் பயமுறுத்துகிறாரே, கோன் நட்டு (கூம்பு முனை நட்டு) எதற்கு இருக்கிறது? நாலு கோனும் இறுகும்போது சக்கரம் தானாக நடுவுக்கு வந்துவிடும். ஹப் சும்மா இருக்கும்.

புனலூர் டயர்க்கடை

அண்ணாச்சி, கோன் நட்டு நடுவுக்குக் கொண்டுவரும் என்பது சரிதான், அதில் சண்டை இல்லை. ஆனால் கடை அலாயில் நடு ஓட்டையைப் பெரும்பாலும் 73.1 மி.மீ. என்று பெரிதாக விட்டுவிடுவார்கள், எல்லா ஹப்பும் நுழையட்டும் என்று. ஹப்புக்கும் டிஸ்க்குக்கும் நடுவில் காலி இடம் இருக்கும். வண்டியை ஜாக்கியில் தூக்கி, சக்கரம் தொங்குகிற நிலையில் நாலையும் கையால் குறுக்கே குறுக்கே முடுக்கி, நடுவில் நிறுத்தத் தெரிந்தவன் மாட்டினால் சரி. ராத்திரி பத்து மணிக்குத் தென்மலையில் மழையில் ஸ்டெப்னி மாற்றும்போது யார் அந்தப் பொறுமையோடு செய்வார்கள்? ஒரு பக்கம் முதலில் இறுக்கிவிட்டால் சக்கரம் அரை மி.மீ. ஒதுங்கி நிற்கும், ஸ்டியரிங் 60-க்கு மேல் நடுங்கும். பேலன்ஸிங் ஆயிரம் தடவை பார்த்தாலும் போகாது.

இன்னொன்று. பாவூரில் ஓடுகிற வேனில் எத்தனையில் பியட் டிஸ்க் என்று விசாரியுங்கள். பியட் பாலியோ 98 மி.மீ. வட்டம். அதை 100 மி.மீ. ஹப்பில் மாட்டினாலும் போல்ட் உள்ளே போகும், நட்டும் இறுகும். ஆனால் ஒவ்வொரு நட்டும் ஒரு மி.மீ. ஒதுங்கி, ஒரு ஓரத்தில் மட்டும் கடித்துக்கொண்டு நிற்கும். நட்டு அடிக்கடி லூசாகிறது, ஓட்டை முட்டையாகிறது என்று வருகிற வண்டியில் நான் முதலில் பார்ப்பது அதைத்தான்.

லேத் பட்டறை (செங்கோட்டை)

நடு ஓட்டைக்கு இவ்வளவு பேச்சு வேண்டாம். ஹப் அளவு, டிஸ்க் அளவு இரண்டையும் வெர்னியரில் எடுத்துக்கொண்டு வந்தால் அலுமினியத்தில் வளையம் கடைந்து தருகிறேன். அதோடு, பழைய டிஸ்க்கை ஏன் தூக்கிப் போடுகிறாய்? முட்டையான ஓட்டையை வெல்டிங்கில் நிரப்பி, மறுபடி துளைத்து, கோன் வெட்டித் தருகிறேன். டிராக்டர் டிரெய்லருக்கு எத்தனையோ செய்து கொடுத்திருக்கிறேன், ஒன்றும் திரும்பி வரவில்லை.

புனலூர் டயர்க்கடை

வளையம் நல்ல யோசனை அண்ணே, ஒத்துக்கொள்கிறேன். வெல்டிங் வேண்டவே வேண்டாம். ஆம்னி டிஸ்க் தகட்டில் அழுத்தி எடுத்தது, நட்டு உட்காருகிற இடம் கொஞ்சம் ஸ்பிரிங் மாதிரி அழுந்தி நிற்கும்படி வடிவம் கொடுத்திருக்கிறார்கள். அந்த அழுத்தம்தான் நட்டைப் பிடித்து வைக்கிறது. அங்கே வெல்டிங் வைத்தால் சூடுபட்ட ஓரம் வறண்டுபோய், பிறகு அங்கேயே விரிசல் விடும். டிரெய்லர் வயலுக்கும் களத்துக்கும் போகிற வேகம் வேறு, எஸ் வளைவில் லோடோடு திரும்புகிற வேகம் வேறு.

லேத் பட்டறை (செங்கோட்டை)

என் வெல்டிங் விரிசல் விடாது. இருந்தாலும் உங்கள் கடை, உங்கள் கஸ்டமர். நான் சொல்வதைச் சொல்லிவிட்டேன்.

கடையநல்லூர் கிளார்க்

தம்பி போவது கேரளாவுக்கு. மோட்டார் வாகனச் சட்டம் 52-ஆவது பிரிவு, கம்பெனி குறித்த அமைப்புக்கு மாறாக வண்டியை மாற்றக்கூடாது என்கிறது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இதையே உறுதிசெய்தது, அந்த வழக்கே கேரளாவிலிருந்து போனதுதான். அதே வருடத் திருத்தத்தில் 182ஏ சேர்ந்தது: அனுமதியில்லாத மாற்றம் செய்த உரிமையாளருக்கு ஒரு மாற்றத்துக்கு 5,000 ரூபாய், ஆறு மாதம் வரை சிறையும் உண்டு. கேரளா எம்.வி.டி. (மோட்டார் வாகனத் துறை) மாடிபிகேஷன் விஷயத்தில் நம்ம ஊர் மாதிரி கண்டும் காணாமல் விடுகிற ஆட்கள் இல்லை.

பாவூர் லோடு

ஆரியங்காவில் நிற்கிறவன் ஸ்கேல் வைத்து டிஸ்க்கை அளக்கிறானா?

கடையநல்லூர் கிளார்க்

அளக்க வேண்டியதில்லை அண்ணாச்சி. டயர் மட்கார்டுக்கு வெளியே துருத்திக்கொண்டு நின்றால் ரோட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்தே தெரியும். பிடிபடாவிட்டாலும், நாளைக்கு ஏதாவது ஒன்று ஆனால் இன்சூரன்ஸ் சர்வேயர் வந்து அளப்பார்.

எலுமிச்சை வண்டி (புளியரை)

டிஸ்க் ஒன்றைக் கழற்றி வாங்கி அளந்தேன். பின்பக்கம் 13, 5½ஜே என்று இருக்கிறது. ஆப்செட் எண் இல்லை. எடை எதுவும் குத்தவில்லை, ஐ.எஸ்.ஐ. முத்திரையும் காணோம். நம்ம பழைய டிஸ்க் 4 இஞ்ச் அகலம். ஆப்செட்டை எப்படி அளப்பது?

புனலூர் டயர்க்கடை

டயர் இல்லாத டிஸ்க்கைக் குப்புறப் போடு. பின் விளிம்பின் மேல் நேரான இரும்புப் பட்டை ஒன்றைக் குறுக்கே வை. பட்டையிலிருந்து ஹப்பில் ஒட்டுகிற முகம் வரை எவ்வளவு ஆழம் என்று ஸ்கேலில் பார். விளிம்பிலிருந்து விளிம்பு மொத்த அகலத்தில் பாதியை அந்த ஆழத்திலிருந்து கழித்தால் வருவது ஆப்செட். ஜே அளவைவிட (டயர் உட்காருகிற உள் அகலம், இஞ்சில்) மொத்த அகலம் சுமார் ஒரு இஞ்ச் கூட இருக்கும், அதை மறக்காதே. உதாரணத்துக்கு 5ஜே டிஸ்க் மொத்தம் 152 மி.மீ., பாதி 76. ஆழம் 116 என்றால் ஆப்செட் 40. பழையதையும் புதியதையும் ஒரே ஸ்கேலில் அள.

எலுமிச்சை வண்டி (புளியரை)

அண்ணே, இரண்டுக்கும் பின் ஆழம் கிட்டத்தட்ட ஒன்றுதான். அப்படியென்றால் பொருந்துகிறது என்று அர்த்தமா?

புனலூர் டயர்க்கடை

உள்பக்கம் உரசாது என்று மட்டும் அர்த்தம். டிஸ்க் ஒன்றரை இஞ்ச் கூடுதல் அகலம், உள்ளே ஒன்றும் கூடவில்லை. அப்படியானால் 38 மி.மீ. முழுக்க வெளியேதான் போகிறது. சக்கரத்தின் நடுக்கோடு 19 மி.மீ. வெளியே நகர்ந்துவிட்டது. எடை பேரிங்கை நேராக அழுத்தாமல் வெளியே இழுத்துக்கொண்டு அழுத்தும். முன் சக்கரம் ஒரு குழியில் விழுந்தால் ஸ்டியரிங் கையை உதறும். கிளார்க் சார் சொன்ன மாதிரி வெளியிலும் துருத்தும்.

உயரக் கணக்கும் போட்டுவிடுகிறேன். உன் பழைய டயர் 145 ஆர்12 எல்.டி. (லோடு வண்டி டயர்). நடுவில் எண் இல்லாத டயருக்குப் பக்கச்சுவர் அகலத்தில் சுமார் 82 சதவீதம் என்று கணக்கு, மொத்த விட்டம் 542 மி.மீ. பக்கம் வரும். 155/80 ஆர்13-ல் அது 80 சதவீதம், விட்டம் 578. கிட்டத்தட்ட ஆறரை சதவீதம் பெரிது. மீட்டர் 60 காட்டும்போது வண்டி 64-ல் போகும். பாவூர் அண்ணாச்சி உயரம் நல்லது என்றாரே, 796 சிசி இன்ஜினுக்கு அது எல்லா கியரையும் ஒரு பங்கு கனமாக்குவது. லோடோடு எஸ் வளைவில் இரண்டாவது கியரில் இழுக்கிறாய் என்றால் இனி முதல் கியர்தான், கிளட்ச் நாறும்.

இப்போது எடை. அந்த 155 டயரின் பக்கச்சுவரில் அளவுக்குப் பக்கத்தில் 79 என்று இருந்தால், ஒரு டயர் 437 கிலோ தாங்கும். உன் எல்.டி. டயரில் என்ன எண் என்று பார். 86 என்றால் 530 கிலோ. எலுமிச்சை மூட்டை பின்னால் அடுக்கினால் பாரம் முழுக்கப் பின் இரண்டு சக்கரத்தில். டயர் கணக்காவது சுவரில் இருக்கிறது, அலாயில் அதுவும் குத்தவில்லை என்கிறாய். எத்தனை கிலோ தாங்கும் என்று சொல்லாத டிஸ்க்கை நான் லோடு வண்டிக்கு மாட்டமாட்டேன். பிள்ளைகளைப் பள்ளிக்கூடம் கொண்டுவிடுகிற வேனுக்கும் மாட்டமாட்டேன்.

பாவூர் லோடு

கணக்கு எல்லாம் சரி. ஆனால் நீங்கள் சொல்கிற டிஸ்க் கிடைத்தால்தானே? இல்லாத ஊருக்கு வழி சொல்லாதீர்கள். தம்பிக்கு நாளைக்கு லோடு போகணும்.

புனலூர் டயர்க்கடை

இதுதான் உண்மையான கேள்வி, அண்ணாச்சி. வழி இருக்கிறது. ஆம்னி நிறுத்தினார்களே தவிர, ரோட்டிலிருந்த ஆம்னி எல்லாம் எங்கே போயிற்று? பாதி உடைக்கிற இடத்தில்தான். காயலான் கடையில் 13 இஞ்ச் பளபளப்பைக் கேட்காமல் ஆம்னியின் ஸ்டீல் டிஸ்க்கைக் கேள். 800 டிஸ்க் கிடைத்தால் ஓட்டை வட்டம் ஒன்றுதான், ஆனால் அது காருக்கு வந்தது. அகலமும் பின் ஆழமும் உன் டிஸ்க்கோடு ஒத்துப்போகிறதா என்று அளந்துவிட்டுத்தான் பேச்சு. எடை தெரியாவிட்டால் அதுவும் ஸ்டெப்னிக்கு மட்டும், அதுவும் கடை வரை வருவதற்கு.

பழைய ஸ்டீல் டிஸ்க் வாங்கும்போது பெயின்ட் அடித்ததை வாங்காதே. துருவோடு இருப்பதை வாங்கு, பொய் சொல்லாது. தகடும் ரிம்மும் சேருகிற வெல்டிங் ஓரத்தில் கம்பி பிரஷ் போட்டுத் தேய்த்து, தலைமுடி மாதிரி கோடு ஓடுகிறதா என்று பார். டயர் இல்லாமல் ஹப்பில் மாட்டி, ஒரு ஸ்குரூ டிரைவரை விளிம்புக்கு அருகே அசையாமல் பிடித்துச் சக்கரத்தைச் சுற்று. இடைவெளி ஒன்றிரண்டு மி.மீ. மாறினால் பரவாயில்லை, அதற்கு மேல் என்றால் திருப்பிக் கொடு. பிறகு நட்டு. ஒரு நட்டின் கோனை மெழுகுவர்த்திப் புகையில் காட்டிக் கருப்பாக்கி, முடுக்கிக் கழற்று. டிஸ்க்கில் முழு வளையமாகக் கருப்பு ஒட்டியிருக்க வேண்டும். இரண்டு இடத்தில் மட்டும் ஒட்டியிருந்தால் ஓட்டை போய்விட்டது.

எலுமிச்சை வண்டி (புளியரை)

புகை சோதனையை அலாயிலும் செய்து பார்த்தேன் அண்ணே. வளையம் முழுசாக வந்தது. ஆனால் அலாய் தடிப்பாக இருப்பதால் நட்டு ஆறு சுற்றிலேயே இறுகி நின்றுவிடுகிறது.

புனலூர் டயர்க்கடை

அப்படியானால் பேச்சே இல்லை. சுசுகி போல்ட் 12 மி.மீ. கனம், 1.25 பிட்ச் (ஒரு சுற்றுக்கு 1.25 மி.மீ. ஏறும்). போல்ட்டின் கனத்துக்குச் சமமாகவாவது நட்டு ஏற வேண்டும், ஒன்பது பத்து சுற்று. ஆறு என்றால் ஏழரை மி.மீ. மரைதான் பிடித்திருக்கிறது.

பாவூர் லோடு

ஆறு சுற்று குறைவுதான், அதை ஒத்துக்கொள்கிறேன். நீள போல்ட் மாற்றினால் போகும் என்று இன்னமும் சொல்வேன். சரி, தம்பி வண்டி, தம்பி இஷ்டம். சங்கரன்கோவில் ரோட்டில் ஒரு பழைய வண்டி உடைக்கிற இடம் உண்டு, போன வாரம் இரண்டு ஆம்னி நின்றது. போய்ப் பார்.

எலுமிச்சை வண்டி (புளியரை)

போனேன் அண்ணாச்சி, நன்றி. ஸ்டீல் டிஸ்க் மூன்று தேறியது, நாலாவதில் வெல்டிங் ஓரத்தில் கோடு, விட்டுவிட்டேன். அலாயைத் திருப்பிக் கொடுத்தாயிற்று, கடைக்காரருக்கு வருத்தம்தான். லேத் அண்ணே, உங்கள் வளையத்துக்கு வேலை இல்லாமல் போயிற்று, கோபித்துக்கொள்ளாதீர்கள். புனலூர் அண்ணே, டிஸ்க்குக்குப் பெயின்ட் அடிக்கலாமா?

புனலூர் டயர்க்கடை

அடி. ஹப்பில் ஒட்டுகிற முகத்துக்கும் நட்டு உட்காருகிற கோனுக்கும் மட்டும் டேப் ஒட்டிவிட்டு அடி. அங்கே பெயின்ட் இருந்தால் நசுங்கி, நட்டு தானாக லூசாகும். ஹப் முகத்துத் துருவையும் பிரஷ் போட்டு எடுத்துவிடு. மாட்டிய பிறகு முதல் லோடு இறக்கியதும் நம்ம கடைக்கு வா, நட்டை ஒருமுறை மறுபடி முடுக்கிவிடலாம். எல்.டி. டயர் டியூப்லெஸ்ஸா, டியூபா என்று டிஸ்க்கைப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன், சில பழைய டிஸ்க்கில் உள்விளிம்பு மேடு இருக்காது. மேடு இல்லாததில் டியூப் போட்டுத்தான் ஓட்ட வேண்டும்.