தடையை மீறிய அண்ணனுக்கு 2,000 ரூபாய் அபராதம். அப்பீலில் எனக்கு என்ன வழி?

பெரம்பூர்ப் பெண்:
அப்பாவின் வீட்டில் என் பங்கைக் கேட்டு அண்ணன் மேல் சென்னை ஹைகோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருக்கிறேன். வழக்கு முடியும்வரை இடிக்கவோ கட்டவோ கூடாது என்று இடைக்காலத் தடையும் வாங்கினேன். தெரிந்தே பின்கட்டை இடித்து, கடைகள் கட்டி வாடகைக்கு விட்டுவிட்டார். அம்மாவின் அடுக்களை அந்தப் பின்கட்டில்தான் இருந்தது.

அவமதிப்பு மனு போட்டேன். தனி நீதிபதி 2,000 ரூபாய் அபராதம் விதித்தார். கடை வாடகைக்கு முன்னால் அது ஒரு தொகையா? அதையும் கட்ட மாட்டேன் என்று அண்ணன் இரண்டு நீதிபதிகள் அமரும் டிவிஷன் பெஞ்சுக்குப் போயிருக்கிறார். தண்டனை போதாது என்று நானும் அப்பீல் போகலாமா? இடித்ததைச் சரிசெய்யாமலே அவர் அப்பீலை விசாரிப்பார்களா?

பாரிமுனை வக்கீல்:
அம்மா, நீதிபதி குறைத்துக் கொடுக்கவில்லை. 1971-ஆம் வருட நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 12-ஆவது பிரிவில் அபராதத்தின் உச்சவரம்பே 2,000 ரூபாய்தான். இன்றுவரை அதை உயர்த்தவில்லை. சொத்து வழக்குகளில் இது பெரிய அநியாயம் என்றே நினைக்கிறேன். அபராதம் போதாது என்று கோர்ட் கருதினால் ஆறு மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம்.

19-ஆவது பிரிவின் அப்பீல் தண்டனை பெற்றவருக்கானது. மிட்னாப்பூர் கூட்டுறவு வங்கி வழக்கில் 2006-இல் சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: தண்டித்த உத்தரவுக்கு எதிராகத்தான் அந்த அப்பீல். அதனால் தண்டனையைக் கூட்டக் கேட்டு அந்தப் பிரிவில் நீங்கள் போக முடியாது. அரசியல் சட்டம் 136-இன் கீழ் சுப்ரீம் கோர்ட்டில் சிறப்பு அனுமதி கேட்கலாம், ஆனால் 2,000 ரூபாய் விஷயத்துக்கு அது கிடைப்பது கடினம்.

இடித்ததைச் சரிசெய்யாவிட்டாலும் அவர் அப்பீலை விசாரிக்க 19(2) இடம் தருகிறது. அபராதத்தையும் நிறுத்தி வைக்கலாம். ஆனால் தனி நீதிபதி உத்தரவு போட்ட 30 நாளுக்குள் அவர் அப்பீல் போட்டிருக்க வேண்டும். முதலில் அந்தத் தேதியைப் பாருங்கள்.

தஞ்சாவூர்க்காரன்:
சார், எங்கள் தடை முன்சீப் கோர்ட்டில் வாங்கியது. எங்களுக்கும் இதேதானா?

பாரிமுனை வக்கீல்:
இல்லை தம்பி. உங்களுக்கு சிவில் நடைமுறைச் சட்டம், ஆர்டர் 39, ரூல் 2ஏ. அதில் அபராதமே கிடையாது. சொத்து ஜப்தி, மூன்று மாதம் வரை சிவில் சிறை. அந்த உத்தரவு மேல் ஆர்டர் 43-இன்படி மேல் கோர்ட்டுக்கு அப்பீல் உண்டு.

பெரம்பூர் அம்மாவுக்கு இன்னொன்று. அபராதத்தைப் பிடித்துக்கொண்டு நிற்காதீர்கள். செஞ்சுரி ஃப்ளோர் மில்ஸ் வழக்கில் 1975-இல் நம் ஹைகோர்ட்டின் பெரிய அமர்வான ஃபுல் பெஞ்சே சொல்லியிருக்கிறது: தடையை மீறிச் செய்த காரியத்தை நிற்கவிடாமல் சரிசெய்ய சிவில் நடைமுறைச் சட்டத்தின் 151-ஆவது பிரிவில் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. 1996-இல் ஸ்கிப்பர் கன்ஸ்ட்ரக்‌ஷன் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டும் அதை எடுத்துச் சொல்லி, அவமதித்தவர் அதன் பலனை அனுபவிக்கக் கூடாது என்றது. அப்பீல் நடந்தாலும் மூல வழக்கிலேயே கடைகளை அகற்றவும், அதுவரை வாடகையைக் கோர்ட்டில் கட்டவும் மனுப் போடுங்கள்.

பெரம்பூர்ப் பெண்:
வாடகையைக் கோர்ட்டில் கட்டச் சொல்லலாம் என்று இதுவரை எனக்கு யாரும் சொல்லவில்லை சார். பின்கட்டின் பழைய போட்டோக்கள் இருக்கின்றன. போதுமா?

பாரிமுனை வக்கீல்:
போட்டோவோடு அட்வகேட் கமிஷனரை, அதாவது கோர்ட் சார்பில் இடத்தைப் பார்த்து அறிக்கை தரும் வக்கீலை, நியமிக்கவும் கேளுங்கள். கடைகளின் அளவு, யார் வாடகைக்கு இருக்கிறார்கள், எல்லாம் அவர் அறிக்கையில் வந்துவிடும்.